மண்ணில் புதைத்த சிப், மதில் என்று பெயர் வைத்த மருந்து

சிப் என்றதும் நம் நினைவுக்கு வருவது மதர்போர்டில் உட்கார்ந்திருக்கும் பிராஸஸர், அல்லது ராம் கார்டில் வரிசையாக ஒட்டியிருக்கும் கறுப்புச் சதுரங்கள். மண்ணில் புதைப்பதற்கென்றே ஒரு சிப் இருக்கிறது என்றால் நம்புவீர்களா? அதற்குப் பெயர் ஐசிப். ஐபோனுக்கும் இதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. ஐசோலேஷன் சிப், அதாவது தனிமைப்படுத்தும் சிப் என்பதன் சுருக்கம். இதில் மின்சாரம் ஓடாது, டேட்டா பதியாது. பாக்டீரியாவை வளர்ப்பதற்கான ஒரு சிறிய பிளாஸ்டிக் பலகை, அவ்வளவுதான். ஆனால் இதில் வளர்ந்த ஒரு பாக்டீரியாவிலிருந்துதான் டெய்க்ஸோபாக்டின் என்ற ஆன்டிபயாடிக் கிடைத்தது. 2015 ஜனவரியில் நேச்சர் இதழில் இதை அறிவித்தார்கள்.

நான் சாப்ட்வேர் எழுதிப் பிழைப்பவன். பிளஸ் டூவில் கம்ப்யூட்டர் சயின்ஸ் குரூப் எடுத்ததால் உயிரியல் பத்தாம் வகுப்போடு முடிந்துவிட்டது. இந்த மருந்தின் பெயரை எனக்கு அறிமுகப்படுத்தியவர் என் பெரியப்பா. "இனி எந்தக் கிருமியும் தப்ப முடியாது" என்று யாரோ அனுப்பிய செய்தியை எனக்குத் தள்ளிவிட்டு, உடனே போன் செய்தார். "தம்பி, இது நிஜமா? இங்கே கடையில் கிடைக்குமா? நெட்டில் பார்த்துச் சொல்லுப்பா." அவர் சும்மா கேட்கவில்லை. பெரியம்மாவுக்குச் சர்க்கரை நோய். காலில் வந்த புண் இரண்டு மாதமாக ஆறவில்லை. ஆன்டிபயாடிக்கை இரண்டு முறை மாற்றியிருந்தார்கள். அவருக்காகத் தேடிப் படித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

தோட்டத்திலேயே வளரட்டும்

ஒரு சிட்டிகை மண்ணை எடுத்தால் அதில் கோடிக்கணக்கில் பாக்டீரியாக்கள் இருக்கும். அவை இடத்துக்கும் உணவுக்கும் ஒன்றோடு ஒன்று சண்டை போடுகின்றன. அந்தச் சண்டையில் வீசும் ஆயுதங்களைத்தான் நாம் ஆன்டிபயாடிக் என்று மாத்திரையாக விழுங்குகிறோம். 1940களிலிருந்து 1960கள் வரை விஞ்ஞானிகள் மண்ணைக் கொண்டுவந்து, லேபில் கண்ணாடித் தட்டில் பாக்டீரியாவை வளர்த்து, மருந்துகளை வரிசையாகக் கண்டுபிடித்தார்கள். பிறகு வரிசை நின்றுவிட்டது. எங்கே தேடினாலும் ஏற்கெனவே கண்டுபிடித்ததே திரும்பத் திரும்பக் கிடைத்தது. காரணம், மண்ணில் உள்ள பாக்டீரியாக்களில் ஏறக்குறைய 1 சதவீதம்தான் லேப் தட்டில் வளரும். மீதி 99 சதவீதம் அங்கே உயிர் பிடிப்பதே இல்லை. விண்டோஸுக்கு எழுதிய புரோகிராமை லினக்ஸில் போட்டு டபுள் கிளிக் செய்தால் என்ன ஆகும்? அந்தக் கதைதான்.

அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் நார்த்ஈஸ்டர்ன் பல்கலைக்கழகம் இருக்கிறது. அங்கே ஸ்லாவா எப்ஸ்டைன், கிம் லூயிஸ் ஆகியோரின் குழு இதைத் தலைகீழாக யோசித்தது. லேபில் மண்ணைப் போல ஒரு சூழலை உண்டாக்குவதற்குப் பதில், தட்டையே மண்ணுக்குள் வைத்தால் என்ன? அப்படிப் பிறந்ததுதான் ஐசிப். 2010இல் இதை வெளியிட்டார்கள். பலகையில் நூற்றுக்கணக்கான சிறு துளைகள். மண்ணை நீரில் நன்றாகக் கரைத்து, ஒரு துளைக்குச் சுமார் ஒரு பாக்டீரியா என்று விழும்படி நீர்க்கச் செய்வார்கள். இருபுறமும் மெல்லிய சவ்வு ஒட்டி, எடுத்த மண்ணிலேயே திரும்பப் புதைத்துவிடுவார்கள். மண்ணில் உள்ள சத்துகள் சவ்வு வழியாக உள்ளே வரும். பாக்டீரியா வெளியே போக முடியாது. தான் இடம் மாறியதே அதற்குத் தெரியாது! இந்த முறையில் ஏறக்குறைய பாதி பாக்டீரியாக்கள் வளர ஆரம்பித்தன. 1 சதவீதம் எங்கே, 50 சதவீதம் எங்கே!

இப்படி வளர்த்த சுமார் 10,000 வகைகளை நோவோபயாடிக் என்ற நிறுவனத்தில் சோதித்தார்கள். மெயின் மாநிலத்துப் புல்வெளி ஒன்றில் எடுத்த மண்ணிலிருந்து வந்த ஒரு புதிய இனம் மாட்டியது. அதற்கு எலெப்தேரியா டெர்ரே என்று பெயரிட்டார்கள். முதல் சொல் கிரேக்கம், விடுதலை என்று பொருள். இரண்டாவது லத்தீன், மண்ணின் என்று பொருள். அது சுரந்த மருந்துதான் டெய்க்ஸோபாக்டின்.

பெயரைப் பிரித்துப் படிக்கலாம்

ஒரு பைலின் பெயரில் புள்ளிக்கு முன் ஒரு பகுதி, பின் எக்ஸ்டென்ஷன் என்று இருக்கிறது அல்லவா? மருந்தின் பெயரையும் அப்படிப் பார்க்கலாம். பிராண்டு பெயரைச் சொல்லவில்லை. அட்டையில் அதற்குக் கீழே சின்ன எழுத்தில் அச்சடித்திருக்கும் உண்மையான மருந்துப் பெயரைச் சொல்கிறேன்.

நமக்கு நன்றாகத் தெரிந்த எக்ஸ்டென்ஷன் மைசின். 1943இல் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில் செல்மன் வாக்ஸ்மனின் லேபில் ஆல்பர்ட் ஷாட்ஸ் என்ற மாணவர் ஸ்ட்ரெப்டோமைசினைப் பிரித்தெடுத்தார். காசநோய்க்குக் கிடைத்த முதல் நல்ல மருந்து அது. ஸ்ட்ரெப்டோமைசஸ் என்ற மண் பாக்டீரியாவிலிருந்து வந்ததால் அந்தப் பெயர். கிரேக்கத்தில் முறுக்கிய பூஞ்சை என்று பொருள். பூஞ்சை மாதிரி இழை இழையாக வளர்வதால் அப்படி வைத்துவிட்டார்கள், ஆனால் அது பாக்டீரியாதான். எக்ஸ்டென்ஷனை மாற்றி எழுதினாலும் பைலுக்குள் இருப்பது மாறாது என்பது இங்கும் பொருந்துகிறது.

இன்னொரு வேடிக்கை. ஜென்டாமைசின் என்று தமிழில் எழுதும்போது அதுவும் மைசின்தான். ஆங்கிலத்தில் ஒரு எழுத்து வித்தியாசம்: ஸ்ட்ரெப்டோமைசினில் எம்முக்கு அடுத்து ஒய் வரும், ஜென்டாமைசினில் ஐ வரும். ஜென்டாமைசின் மைக்ரோமோனோஸ்போரா என்ற வேறு பாக்டீரியாவிலிருந்து வந்தது என்பதற்கு அடையாளம் அந்த ஐ.

டெய்க்ஸோபாக்டினுக்கு வருவோம். பின்பாதி பாக்டின், பாக்டீரியாவைக் குறிப்பது. முன்பாதி கிரேக்கச் சொல், பொருள் சுவர். வீட்டுச் சுவரை விடக் கோட்டையைச் சுற்றி எழுப்பும் மதில் என்றால் இன்னும் பொருத்தம். மருந்து எங்கே தாக்குகிறது என்பதைப் பெயரே சொல்லிவிடுகிறது.

செங்கல்லைப் பிடிக்கும் மருந்து

பாக்டீரியாவைச் சுற்றி ஒரு சுவர் உண்டு. அது இல்லாவிட்டால் உள்ளே இருக்கும் அழுத்தத்தில் வெடித்துப்போகும். வளர வளரச் சுவரையும் கட்டிக்கொண்டே இருக்க வேண்டும். செங்கல் உள்ளே தயாராகிறது. லிப்பிட் 2 என்ற கொழுப்பு மூலக்கூறு அந்தச் செங்கல்லைச் சுமந்து வெளியே கொண்டுவருகிறது. அங்கே என்ஸைம் என்ற கொத்தனார் எடுத்துப் பூசுகிறார்.

பென்சிலின் கொத்தனாரின் கையைக் கட்டிவிடும். இது நல்ல வழிதான், ஆனால் கொத்தனார் ஒரு புரோட்டீன். புரோட்டீன் எப்படி இருக்க வேண்டும் என்பது ஜீனில் எழுதியிருக்கிறது. அங்கே ஒரு வரியைத் திருத்தினால், அல்லது வேறு கிருமியிடமிருந்து ஒரு ஜீனைக் காப்பி செய்துகொண்டால், பென்சிலினுக்கு மசியாத வேறு கொத்தனார் வந்துவிடுவார். எம்ஆர்எஸ்ஏ என்று ஆஸ்பத்திரிகளில் பயப்படும் கிருமி இதைத்தான் செய்தது.

டெய்க்ஸோபாக்டின் கொத்தனாரை விட்டுவிட்டு, செங்கல்லையும் அதைச் சுமந்து வரும் பிடியையும் சேர்த்துப் பற்றிக்கொள்கிறது. இந்த லிப்பிட் 2 எந்த ஜீனிலும் நேரடியாக எழுதப்பட்டதல்ல. பல என்ஸைம்கள் ஒன்றன் பின் ஒன்றாக வேலை செய்து உண்டாக்குவது. என் தொழிலில் ஒரு புரோகிராமில் உள்ள தவறைத் திருத்துவது அரை மணி நேர வேலை. நாற்பது புரோகிராம்கள் படித்து எழுதும் ஒரு பைல் பார்மட்டை மாற்று என்றால், மேனேஜரே வேண்டாம் என்று விடுவார். ஒன்றை மாற்றினால் நாற்பதும் நின்றுவிடும். பாக்டீரியாவின் சங்கடமும் இதேதான்.

லிப்பிட் 3 என்ற இன்னொரு மூலப்பொருளையும் இது பிடிக்கிறது. அதிலிருந்து உருவாகும் சுவர்ப் பகுதிக்கு டெய்கோயிக் ஆசிட் என்று பெயர். அதே கிரேக்க மதில்தான், ஆங்கிலத்தில் எக்ஸுக்குப் பதில் சி, ஹெச் போட்டு எழுதியிருக்கிறார்கள். நெட்டில் தேடும்போது இதைக் கவனியுங்கள்.

2022இல் நெதர்லாந்தின் உட்ரெக்ட் பல்கலைக்கழகத்தில் மார்கஸ் வைன்கார்த் குழு இன்னொன்றைக் கண்டது. செங்கல்லைப் பிடித்த டெய்க்ஸோபாக்டின் மூலக்கூறுகள் ஒன்றோடு ஒன்று கோத்துக்கொண்டு பாய் விரித்தது போல் படர்ந்து, கீழே உள்ள சவ்வையே கிழிக்கின்றன. ஒரே மருந்து, இரண்டு அடி.

"எந்தக் கிருமியும் தப்ப முடியாது"

இப்போது பெரியப்பாவுக்கு வந்த செய்திக்கு வருகிறேன். அதில் பாதி சரி. எம்ஆர்எஸ்ஏவையும் காசநோய்க் கிருமியையும் இந்த மருந்து லேபில் கொல்கிறது. எம்ஆர்எஸ்ஏ தொற்றிய எலிகளைக் குணப்படுத்தியிருக்கிறது. அதே வகைக் கிருமியைக் குறைந்த அளவு மருந்தில் 27 நாட்கள் தொடர்ந்து வளர்த்துப் பார்த்தும் தப்பிப் பிழைக்கும் வகை உருவாகவில்லை. ஒப்பிட்டுப் பார்க்க வைத்திருந்த ஆஃப்லாக்ஸசினுக்கு எதிராக உருவாகிவிட்டது.

ஆனால் 27 நாள் சோதனையில் வரவில்லை என்பதும், எப்போதும் வராது என்பதும் ஒன்றல்ல. டெஸ்டிங்கில் கிடைக்காத எத்தனையோ பிழைகள் வாடிக்கையாளர் கையில் போன முதல் வாரத்தில் வெளியே வருவதை நான் பார்த்திருக்கிறேன். வான்கோமைசின் என்ற மருந்தும் செங்கல்லைப் பிடிப்பதுதான். வெல்வது என்ற பொருள் கொண்ட ஆங்கிலச் சொல்லிலிருந்து பெயர் வைத்தார்கள். போர்னியோ தீவின் மண்ணிலிருந்து கிடைத்து 1958இல் புழக்கத்துக்கு வந்தது. சுமார் 30 வருடம் தாக்குப்பிடித்தது. பிறகு சில கிருமிகள், அது பிடிக்கும் செங்கல்லின் நுனியை மட்டும் கொஞ்சம் மாற்றிக்கொண்டு தப்பித்தன. டெய்க்ஸோபாக்டின் பிடிப்பது அந்த நுனியை அல்ல, மாற்றுவதற்குக் கடினமான வேறு இடத்தை. அதுதான் நம்பிக்கை.

அடுத்து, எல்லாக் கிருமிக்கும் இது வேலை செய்யாது. கிராம் நெகட்டிவ் என்ற பெரிய பிரிவைச் சேர்ந்த பாக்டீரியாக்களுக்கு மதிலுக்கு வெளியே இன்னொரு சவ்வு உண்டு. இந்த மருந்து அதைத் தாண்டாது. ஈ.கோலை, கிளெப்சியெல்லா எல்லாம் இந்தப் பிரிவு. எலெப்தேரியா டெர்ரேவும் இதே பிரிவுதான். தன் மருந்தால் தானே சாகாமல் இருப்பது அந்த வெளிச்சவ்வின் தயவில்!

வைரஸுக்கோ மதிலே கிடையாது. கம்ப்யூட்டரில் ஆன்டிவைரஸ் போட்டுப் பழகிய நாம் ஜலதோஷத்துக்கும் டெங்குவுக்கும் ஆன்டிபயாடிக் கேட்கிறோம். அவை வைரஸால் வருபவை. இல்லாத சுவரை எந்த மருந்தும் இடிக்காது. டாக்டர் சீட்டு இல்லாமல் வாங்கக் கூடாத மருந்துகளை அடையாளம் காட்ட அட்டையில் செங்குத்தாகச் சிவப்புக் கோடு இருக்கும். 2016இல் மத்திய அரசு இதைப் பெரிதாகப் பிரசாரம் செய்தது. உங்கள் வீட்டு மருந்து டப்பாவில் உள்ள அட்டைகளைத் திருப்பிப் பாருங்கள்.

கடையில் கிடைக்குமா என்ற கேள்விக்குப் பதில்: கிடைக்காது. டெய்க்ஸோபாக்டின் விற்பனைக்கு வந்த மருந்து அல்ல. பெரியப்பாவிடம் இதைச் சொன்னபோது சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, "அப்போ நாங்க என்னதான் செய்யறது?" என்றார். பெரியம்மாவின் புண்ணிலிருந்து எடுத்த கல்ச்சர் டெஸ்ட் ரிப்போர்ட்டைப் போட்டோ எடுத்து அனுப்பச் சொன்னேன். அதில் எந்தக் கிருமி என்று போட்டிருக்கும். கீழே மருந்துகளின் பட்டியல், ஒவ்வொன்றுக்கும் எதிரில் எஸ், ஐ அல்லது ஆர் என்ற எழுத்து. எஸ் என்றால் அந்தக் கிருமி மருந்துக்குக் கட்டுப்படுகிறது, ஆர் என்றால் எதிர்க்கிறது. ஐ இடைப்பட்டது. மருந்தை முடிவு செய்ய வேண்டியவர் டாக்டர்தான். ஆனால் முன்பு கொடுத்த மருந்தை ஏன் மாற்றினார்கள் என்பது அந்த ஒரு பக்கத்தில் பெரியப்பாவுக்கே புரிந்தது. முதல் மருந்துக்கு எதிரில் ஆர் இருந்தது. கிருமி கிளெப்சியெல்லா. டெய்க்ஸோபாக்டின் கடைக்கே வந்திருந்தாலும் பெரியம்மாவுக்கு உதவியிருக்காது.

நீங்களே பார்க்க

பிரவுசரைத் திறந்து கூகுளில் பப்கெம் என்று ஆங்கிலத்தில் டைப் செய்யுங்கள். அமெரிக்க அரசின் இலவச வேதியியல் தளம் இது, பதிவு செய்ய வேண்டியதில்லை. அதன் தேடும் பெட்டியில் டி, இ, ஐ, எக்ஸ், ஓ, பி, ஏ, சி, டி, ஐ, என் என்ற எழுத்துகளை வரிசையாக டைப் செய்து என்டர் தட்டுங்கள். மூலக்கூறின் படம் வரும். 58 கார்பன், 95 ஹைட்ரஜன், 15 நைட்ரஜன், 15 ஆக்ஸிஜன், மொத்தம் 183 அணுக்கள். ஒரு முனையில் வளையம், மறுமுனையில் நீண்ட வால். கூடவே ஆஸ்பிரினையும் தேடிப் பாருங்கள், அதில் 21 அணுக்கள்தான். உங்கள் வீட்டு மாத்திரை அட்டையில் சின்ன எழுத்தில் இருக்கும் பெயரையும் இதே பெட்டியில் போடலாம்.

ஆராய்ச்சிக் கட்டுரைகளின் சுருக்கம் வேண்டுமானால் பப்மெட் என்ற தளத்துக்குப் போங்கள். அங்கே கிளோவிபாக்டின் என்று தேடினால் 2023இல் வந்த ஒரு கட்டுரை கிடைக்கும். நார்த் கரோலினா மாநிலத்து மணலில் இருந்த, எலெப்தேரியாவின் உறவுக்காரப் பாக்டீரியா ஒன்று தந்த மருந்து அது. இதுவும் செங்கல்லைத்தான் பிடிக்கிறது, சுற்றி வளைத்துக் கூடு மாதிரி. பெயரின் முன்பாதி இப்போதும் கிரேக்கம்தான். பொருள், கூண்டு.