ரஜுலா ஏறிப் போனவர்கள்

நாகப்பட்டினத்துப் பெரியவர்களிடம் 'ரஜுலா' என்று சொல்லிப் பாருங்கள். கதை கதையாய்ச் சொல்வார்கள்! 1926-ல் ஓடத் தொடங்கி, ஏறக்குறைய அரை நூற்றாண்டு தஞ்சைச் சீமை மக்களைப் பினாங்குக்குக் கொண்டுபோன கப்பல் அது.

நெற்களஞ்சியத்தில் பிறந்தவர்கள் ஏன் கடல் கடந்தார்கள்? விளைந்த நெல் மிராசுதாரின் பத்தாயத்தை நிறைத்தது. அறுத்தவர்களுக்கோ அரை வயிறுதான். கங்காணியின் பேச்சை நம்பிக் கப்பலேறி, மலாயா ரப்பர்த் தோட்டங்களில் பால்மரம் சீவினார்கள். நாலு காசு சேர்த்து ஊர் திரும்புவதே எண்ணம்.

1938-ல் இந்திய சர்க்கார் தோட்டங்களுக்கு ஆள் அனுப்புவதைத் தடுத்தது. 1957-ல் மலாயா சுதந்திரம் பெற்றதும், 'நீங்கள் எந்த நாட்டார்?' என்ற கேள்வி வாசலில் வந்து நின்றது. பெற்றவர்கள் நினைவில் காவேரி ஓடிற்று; பிள்ளைகளுக்கோ பிறந்த மண்ணே தாய்நாடு. அங்கேயே பிரஜா உரிமை பெற்றவர்களும் உண்டு. அதே கப்பலில் நாகைக்குத் திரும்பியவர்களும் உண்டு.