வெள்ளைத் துணியில் பிடித்த வானம்

குழந்தைகளே! சினிமா என்றதும் நடிகர், நடிகைகளின் பெயர்களைக் கடகடவென்று சொல்வீர்கள். காமிராவுக்குப் பின்னால் நிற்பவரைத் தெரியுமா? ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவைப் பற்றி இந்த வாரம் பார்ப்போமா?

மித்ரா 1930ல் கொல்கத்தாவில் பிறந்தவர். பிரெஞ்சு இயக்குனர் ழான் ரெனுவார், 'தி ரிவர்' படம் எடுக்க அங்கு வந்தபோது, வேலை கேட்டுப் போனார். வேலை கிடைக்கவில்லை, வேடிக்கை பார்க்க மட்டும் அனுமதி கிடைத்தது. விளக்குகளை எங்கே வைத்தனர், நடிகர்கள் எங்கே நின்றனர் என்று தினமும் நோட்டில் படம் வரைந்து, குறித்துக் கொண்டார் மித்ரா. முன்பு எடுத்த காட்சிக்கு விளக்குகளை எப்படி வைத்தோம் என்று பார்க்க, அந்தப் படத்தின் ஒளிப்பதிவாளரே இந்த நோட்டைக் கேட்டு வாங்கினாராம்!

அங்கே பழக்கமானவர் சத்யஜித் ராய். 1952ல் ராய் 'பதேர் பாஞ்சாலி' படத்தைத் துவங்கியபோது, ஒளிப்பதிவை மித்ராவிடம் ஒப்படைத்தார். அதற்கு முன் மித்ரா சினிமா காமிராவை இயக்கியதே இல்லை! பெரிய கம்பெனி எதுவும் பணம் போடவில்லை. கையில் இருந்த பணம் தீர்ந்ததும் படப்பிடிப்பு நின்று விடும். 1955ல்தான் படம் வெளியானது, உலகமே பாராட்டியது.

அடுத்த படம் 'அபராஜிதோ' (1956). காசியில் உள்ள ஒரு வீட்டின் முற்றத்தை, கொல்கத்தா ஸ்டூடியோவுக்குள் 'செட்' போட முடிவு செய்தனர். வெளியில் எடுத்தால் மழை கெடுத்து விடுமே என்ற பயம்தான். மித்ரா சம்மதிக்கவில்லை. ஏன் தெரியுமா? முற்றத்தில் வானத்து வெளிச்சம் நாலா பக்கமும் பரவி விழும். அழுத்தமான நிழல் இருக்காது. ஸ்டூடியோ விளக்கோ ஒரே இடத்தில் இருந்து வருவதால், கறுப்பாக நிழல் விழும். 'பொய் வீடு' என்று பார்ப்பவர்கள் கண்டுபிடித்து விடுவார்களே!

அவர் சொன்னது எடுபடவில்லை. மித்ரா கோபித்துக் கொண்டு போய்விடவில்லை, யோசித்தார். முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளைக் கீழே வைத்து, துணியை நோக்கித் திருப்பினார். துணியில் பட்ட ஒளி சிதறி, மென்மையாகக் கீழே இறங்கியது. துணியே வானமாகி விட்டது!

நீங்களும் செய்து பாருங்கள். இருட்டறையில் மேஜை மீது ஒரு பென்சிலை நிற்க வையுங்கள். டார்ச் ஒளியை நேராக அடித்தால், நிழல் பளிச்சென்று விழும். டார்ச்சை ஒரு பெரிய வெள்ளை அட்டையின் பக்கம் திருப்பி, அதில் பட்டு வரும் ஒளி பென்சில் மேல் விழும்படி செய்யுங்கள். நிழல் மங்கி விடும்.

பின்னாளில் 'நியூ டெல்லி டைம்ஸ்' படத்துக்காகத் தேசிய விருது பெற்றார் மித்ரா. கடைசிக் காலத்தில், கொல்கத்தா திரைப்படக் கல்லூரி மாணவர்களுக்குப் பாடம் நடத்தினார். 2001ல் மறைந்தார். வேடிக்கை பார்க்கப் போன இடத்திலும் கையில் நோட்டு வைத்திருந்தவர், அவர்!