மிளகாய்ச் செடிக்கு எதிரி வெயிலா, ஈரமா?

மிளகாய் இல்லாத சமையலை மலேசியாவில் எந்த இனத்தவர் வீட்டிலும் காண்பது அரிது. நாசி லெமாக்கிற்குச் சம்பால், சாம்பாருக்குக் காய்ந்த மிளகாய், பொரித்த மீனுக்கு நறுக்கிய சிலி பாடி என்று வேளைக்கு வேளை அது தேவைப்படுகிறது. ஆகவேதான் வாசலிலும் அடுக்குமாடி நடைபாதையிலும் இரண்டு தொட்டி மிளகாய் வளர்க்கப் பலர் ஆசைப்படுகின்றனர். நாற்று நன்றாக வருகிறது, பூக்கவும் செய்கிறது. பிறகு ஒரு நாள் தலை சாய்ந்து வாடி நிற்கிறது. காய்த்துக் குலுங்கினாலோ, பறித்ததில் பாதி அழுகிப் போகிறது.

இதற்குப் பெரும்பாலோர் வெயிலின் மீது பழி போடுகின்றனர். ஆனால் மிளகாய் அமெரிக்கக் கண்டத்தின் வெப்பப் பகுதிகளிலிருந்து வந்த செடி. நாளொன்றுக்கு ஆறு மணி நேர வெயில் அதற்கு வேண்டும். ஈரப்பதம் மிகுந்த இந்நாட்டில் அதைக் கெடுப்பது பெரும்பாலும் தேங்கும் ஈரம்தான். வேரில், காயில், சேமிக்கும் புட்டியில் என்று மூன்று இடங்களில் இந்த ஈரத்தைக் கவனித்தால் போதும்.

வேரில் தேங்கும் ஈரம்

சமவெளியில் நீள மிளகாயும் சிலி பாடியும் நன்கு வளரும். குடைமிளகாய்க்குக் குளிர்ந்த இரவு தேவை. கேமரன் மலையில் செழிக்கும் அது, கீழே வெப்பமான இரவுகளில் பூவை உதிர்த்துவிடும்.

விதை 7 முதல் 14 நாள்களுக்குள் முளைக்கும். நான்கு முதல் ஆறு இலைகள் விட்டதும் நாற்றை ஏறக்குறைய 30 சென்டிமீட்டர் அகலமுள்ள தொட்டிக்கு மாற்றலாம். வெறும் களிமண் ஆகாது. மண்ணுடன் மக்கிய எருவும் தென்னை நார்த்தூளும் மணலும் கலந்தால் நீர் எளிதில் வடியும். தொட்டியின் அடியில் துளைகள் இருப்பது கட்டாயம்.

தினமும் தண்ணீர் ஊற்றுவதைக் கடமையாக வைத்துக்கொள்வதில்தான் பலர் தவறு செய்கின்றனர். விரலை மண்ணில் இரண்டு சென்டிமீட்டர் ஆழத்திற்கு விட்டுப் பார்த்து, காய்ந்திருந்தால் மட்டும் காலையில் அடிமண்ணில் ஊற்ற வேண்டும். தொட்டிக்கு அடியில் வைக்கும் தட்டில் நீர் தேங்கினால் வேர் அழுகும். அதைவிடப் பெரிய ஆபத்தும் உண்டு. டிங்கியைப் பரப்பும் ஏடிஸ் கொசு அந்தத் தட்டிலேயே முட்டையிடும். ஒரு வாரம் கவனிக்காமல் விட்டால் புதிய கொசுக்கள் பறக்கத் தொடங்கிவிடும். தட்டை எடுத்துவிடுவதே செடிக்கும் குடும்பத்திற்கும் நல்லது.

இலை பச்சையாக இருக்கும்போதே செடி திடீரென வாடினால் அது பாக்டீரியா வாடல் நோயாக இருக்கலாம். தண்டை வெட்டி ஒரு கண்ணாடிக் குவளை நீரில் நிறுத்தினால், பால் போன்ற கசிவு இழையாக இறங்குவது தெரியும். அத்தகைய செடியைக் காப்பாற்ற முடியாது. வேரோடு பிடுங்கி மண்ணோடு அப்புறப்படுத்த வேண்டும். அந்த மண்ணில் தக்காளியோ கத்தரியோ நட்டால் அவற்றையும் நோய் தாக்கும்.

காயில் தங்கும் ஈரம்

விதைத்ததிலிருந்து ஏறக்குறைய மூன்று நான்கு மாதங்களில் பறிக்கத் தொடங்கலாம். தொடர்மழைக் காலத்தில் காயில் குழிவான கரும்புள்ளிகள் தோன்றினால் அது பழ அழுகல் நோய். மழைத்துளி தெறிப்பதால் அது ஒரு காயிலிருந்து மற்றொன்றுக்குப் பரவுகிறது. தாக்கப்பட்ட காய்களை உடனே அகற்றி, தொட்டியைக் கூரை ஓரமாக நகர்த்த வேண்டும். அந்தக் காய்களிலிருந்து விதை எடுக்கவே கூடாது.

பனியும் மழைநீரும் உலர்ந்த பிறகே பறிப்பது நல்லது. கையால் இழுத்தால் கிளை ஒடியும். கத்தரிக்கோலால் காம்போடு வெட்ட வேண்டும். காம்பு நீங்கிய காய் அந்த இடத்திலிருந்தே அழுகத் தொடங்கும். அடிக்கடி பறித்தால் செடி தொடர்ந்து பூக்கும்.

புட்டியில் அடைபடும் ஈரம்

பச்சை மிளகாயைக் கழுவாமல், காகிதத் துண்டில் சுற்றிக் குளிர்பெட்டியின் காய்கறித் தட்டில் வைத்தால் ஒன்றிரண்டு வாரம் தாங்கும். அதற்கு மேல் வேண்டுமானால் கழுவித் துடைத்து, ஈரம் போன பிறகு உறைபெட்டியில் வைக்கலாம். வேகவைக்கத் தேவையில்லை. மொறுமொறுப்பு குறையும், காரம் குறையாது. சமையலுக்கும் சம்பாலுக்கும் அது தாராளமாகப் போதும்.

வெயிலில் உலர்த்துவதில்தான் எச்சரிக்கை மிகுதியாகத் தேவை. காலையில் வெயிலும் மாலையில் மழையுமாக இருக்கும் நாள்களில் மிளகாய் வெளியே காய்ந்தது போல் தெரிந்தாலும் உள்ளே ஈரம் இருக்கும். மோர் மிளகாய்க்கும் இது பொருந்தும். அந்த ஈரத்தில் வளரும் சிலவகைப் பூஞ்சணம் அஃப்லாடாக்சின் என்னும் நஞ்சை உண்டாக்குகிறது. கல்லீரல் புற்றுநோய்க்குக் காரணமாகக்கூடியது என்று உறுதிப்படுத்தப்பட்ட நஞ்சு அது. பூஞ்சணத்தைத் துடைத்துவிட்டு மறுபடி வெயிலில் காயவைத்து அரைக்கும் பழக்கம் சில வீடுகளில் உண்டு. துடைப்பதாலோ வறுப்பதாலோ அந்த நஞ்சு முழுமையாக நீங்குவதில்லை. பூஞ்சணம் பிடித்த மிளகாய் எத்தனை விலையானாலும் குப்பைக்கே போக வேண்டும்.

மழைநாள்களில் மிளகாயை இரண்டாகக் கீறி, மின்சார அடுப்பில் 60 டிகிரி வெப்பத்தில், கதவைச் சற்றே திறந்து வைத்து உலர்த்தலாம். மடக்கினால் வளையாமல் ஒடிய வேண்டும், அதுவே பதம். நன்றாக ஆறிய பின்னரே காற்றுப் புகாத புட்டியில் அடைக்க வேண்டும். சூட்டோடு மூடினால் உள்ளே வியர்த்து, மறுபடி ஈரம் சேரும். பச்சை மிளகாயை எண்ணெயில் போட்டு அலமாரியில் வைப்பதும் ஆபத்தானது. காற்றில்லாத அந்த எண்ணெய்க்குள் கொடிய நஞ்சூட்டும் கிருமி வளர இடமுண்டு. அதைக் குளிர்பெட்டியில் வைத்துச் சில நாள்களுக்குள் தீர்த்துவிட வேண்டும்.

இன்று வீட்டில் இருக்கும் மிளகாய்ப் புட்டியை ஒருமுறை திறந்து பார்ப்பது நல்லது. ஒரு மிளகாயை எடுத்து மடக்க வேண்டும். ஒடிந்தால் கவலையில்லை. வளைந்தால், பூஞ்சணம் இல்லாதபோதே அடுப்பில் உலர்த்திவிட வேண்டும்.