மூணாறு மியூசியத்தில் ஒரு பழங்காலப் படம்

மூணாறுக்குப் போகிறவர்கள் மாட்டுப்பட்டி அணையையும் ராஜமலை வரையாடுகளையும் பார்த்துவிட்டு பஸ் ஏறிவிடுகிறார்கள். பக்கத்திலேயே நல்லதண்ணி எஸ்டேட்டில் தேயிலை மியூசியம் இருக்கிறது. காடாகக் கிடந்த மலை தேயிலைத் தோட்டமான கதையை அங்கே ஒரு குறும்படமாகக் காட்டுகிறார்கள். தமிழர்கள் அவசியம் பார்க்க வேண்டிய படம் அது. ஏனென்றால், அது நம் பாட்டன், பாட்டிகளின் கதை.

மியூசியத்தில் 1913ல் செய்த சூரியக் கடிகாரம் ஒன்று இருக்கிறது. செய்தது வெள்ளைக்காரன் ஊரில் அல்ல. நம் நாசரேத் தொழிற்பள்ளியில்! குண்டளைப் பள்ளத்தாக்கு ரயிலின் சக்கரமும் இருக்கிறது.

மூணாறில் ரயிலா என்று கேட்காதீர்கள். 1902ல் மாடு இழுக்கும் ஒற்றைத் தண்டவாள வண்டி ஓடியது. 1908ல் நீராவி ரயில் வந்தது. தேயிலைப் பெட்டிகள் ரயிலில் டாப் ஸ்டேஷனுக்குப் போய், அங்கிருந்து கம்பி வழியாக போடி பக்கம் கோட்டக்குடிக்கு இறங்கின. 1924 ஜூலை வெள்ளத்தில் ரயில் பாதை அழிந்தது. மறுபடி போடவில்லை.

ரயிலுக்குச் சக்கரம் மிஞ்சியது. பெட்டி சுமந்தவர்களுக்கு என்ன மிஞ்சியது? கங்காணி பின்னால் நெல்லை, மதுரைச் சீமையிலிருந்து மலையேறியவர்கள், விடியுமுன் பெரட்டுக்கு நின்றவர்கள், கம்பளி போர்த்தி மழையில் கொழுந்து கிள்ளியவர்கள், ஒரே அறை லயத்தில் பிள்ளை பெற்று வளர்த்தவர்கள் – இவர்கள் பாட்டையெல்லாம் ஒரு குறும்படத்தில் அடக்கிவிட முடியாது. வீட்டுப் பெரியவர்கள்தான் சொல்ல வேண்டும்.

அதற்கும் காலம் காத்திருப்பதில்லை. 2020 ஆகஸ்ட் 6ந் தேதி இரவு பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களை மூடியது. 70 பேர் மாண்டனர். அவர்களோடு அவர்கள் சொல்லியிருக்கக் கூடிய கதைகளும் மண்ணுக்குள் போயின.

எனவே அடுத்த லீவில் வீட்டுப் பெரியவரையும் கைபிடித்து மியூசியத்துக்குக் கூட்டிப் போங்கள். படம் முடிந்ததும் ஒரு டீ வாங்கிக் கொடுத்துக் கேளுங்கள்: எந்த ஊரிலிருந்து வந்தோம்? எந்த வருஷம்? முதலில் எந்த எஸ்டேட்? என்ன கூலி? பதிவு செய்யத்தான் உங்கள் பையில் செல்போன் இருக்கிறதே!