யோஸ்ட் வகானோ

யோஸ்ட் வகானோ (பிறப்பு: மார்ச் 15, 1934, ஓஸ்னாபுரூக்) ஒரு ஜெர்மானிய ஒளிப்பதிவாளர் ஆவார். திரைப்படம், தொலைக்காட்சி ஆகிய இரண்டிலும் பணியாற்றியவர். 1981இல் வெளிவந்த 'தாஸ் போட்' (படகு) என்னும் போர்ப் படத்தின் ஒளிப்பதிவுக்காக அறியப்படுகிறார். அதே படத்தின் வருவாயில் நியாயமான பங்கு கேட்டு அவர் நடத்திய நீண்ட வழக்கு, ஜெர்மானியப் பதிப்புரிமைச் சட்டத்தில் முக்கியமான ஒன்றாகக் கருதப்படுகிறது.

தொடக்ககாலப் பணிகள்

மேற்கு ஜெர்மனியில் 1960களிலும் 70களிலும் ஒளிப்பதிவாளர்கள் பலருக்கும் தொலைக்காட்சிதான் சோறு போட்டது. வகானோவும் அவ்வழியில் வந்தவரே. ரோலண்ட் கிளிக் இயக்கிய 'சூப்பர்மார்க்ட்' (1974), ஹைன்ரிஹ் பியோலின் கதையைத் தழுவி ஷ்லோண்டோர்ஃபும் ஃபொன் டிரோட்டாவும் இயக்கிய 'கதரீனா புளூமின் இழந்த மானம்' (1975) ஆகியவை அவருக்குப் பெயர் பெற்றுத் தந்தன. மியூனிக் ஒலிம்பிக் படுகொலை பற்றிய அமெரிக்கத் தொலைக்காட்சிப் படமான '21 அவர்ஸ் அட் மியூனிக்' (1976) படத்துக்கும் அவரே ஒளிப்பதிவு செய்தார்.

தாஸ் போட்

புக்ஹைமின் நாவலை அடிப்படையாகக் கொண்டு வோல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கிய படம் இது. கதையின் பெரும்பகுதி ஒரு நீர்மூழ்கிக் கப்பலுக்குள் நடக்கிறது. இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் ஒதுங்கித்தான் வழிவிட வேண்டும்; அவ்வளவு குறுகலான இடம். இத்தகைய அரங்கை அமைப்போர் வழக்கமாக ஒரு பக்கச் சுவரைக் கழற்றிவிட்டு, கேமராவை வெளியே நிறுத்திப் படம்பிடிப்பர். இங்கு கேமராவும் மாலுமிகளோடு உள்ளேயே இருந்தது.

அபாய அறிவிப்பு ஒலித்ததும் மாலுமிகள் கப்பலின் முன்பகுதிக்கு ஓடுவார்கள். கேமராவும் வட்டக் கதவுகளுக்குள் புகுந்து அவர்கள் பின்னால் ஓடும். இதற்குத் தண்டவாளம் போட இடமில்லை. அப்போது புதிதாக வந்திருந்த ஸ்டெடிகேம் கருவியும் அந்தக் கதவுகளில் நுழையாது. எனவே வகானோ சிறிய ஆரிஃபிளெக்ஸ் கேமராவில் சுழல்காட்டிகளைப் பொருத்தி, அதைக் கையில் பிடித்துக்கொண்டே ஓடினார். வேகமாகச் சுழலும் சக்கரம் தன் அச்சுத் திசையை எளிதில் மாற்றிக்கொள்ளாது. அதனால் ஓட்டத்தின் அதிர்வு படத்தில் குறைந்தது. அரங்கமோ நீரியல் விசையால் சாய்ந்து குலுங்கிக்கொண்டிருந்தது. இடித்துக் காயப்படாமலிருக்க உடல் முழுதும் பஞ்சுக் கவசம் அணிந்திருந்தார். படம் பார்ப்பவருக்கு மூச்சு முட்டுவதற்குப் பாதிக் காரணம் இந்த ஓட்டம்தான்.

இதே படப்பிடிப்பிலிருந்து திரையரங்கப் படமும் தொலைக்காட்சித் தொடரும் உருவாக்கப்பட்டன. படம் ஆறு ஆஸ்கர் பரிந்துரைகளைப் பெற்றது. ஒளிப்பதிவும் அவற்றில் ஒன்று. அவ்வாண்டு அவ்விருது 'காந்தி' படத்துக்குச் சென்றது.

வெர்ஹோவனுடன்

டச்சு இயக்குநர் பால் வெர்ஹோவனுக்காக 'சோல்ஜர் ஆஃப் ஆரஞ்சு' (1977), 'ஸ்பெட்டர்ஸ்' (1980) ஆகிய படங்களை ஏற்கெனவே எடுத்திருந்தார். வெர்ஹோவன் ஹாலிவுட் சென்ற பின்னரும் அக்கூட்டணி தொடர்ந்தது: 'ரோபோகாப்' (1987), 'டோட்டல் ரீகால்' (1990), 'ஷோகேர்ல்ஸ்' (1995), 'ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்' (1997), 'ஹாலோ மேன்' (2000). இடையில் பீட்டர்சனின் 'முடிவில்லாக் கதை' (1984) படத்துக்கும் ஒளிப்பதிவு செய்தார்.

ஊதிய வழக்கு

தாஸ் போட் படத்துக்கு வகானோ பெற்ற ஊதியம் இன்றைய நாணயத்தில் ஏறத்தாழ ஒரு லட்சம் யூரோ. படம் உலகெங்கும் ஓடியது. தொலைக்காட்சியில் திரும்பத் திரும்ப ஒளிபரப்பானது. ஒளிப்பேழையாகவும் குறுவட்டாகவும் விற்றது. அவருக்கு மேற்கொண்டு எதுவும் வரவில்லை.

ஜெர்மானியச் சட்டத்தில் ஒளிப்பதிவாளரும் படத்தின் படைப்பாளிகளுள் ஒருவராகலாம். 2002இல் வந்த திருத்தத்தின்படி, பேசிய ஊதியம் படைப்பு ஈட்டிய வருவாயோடு ஒப்பிடுகையில் வெளிப்படையாகப் பொருந்தாததாக இருந்தால், படைப்பாளி கூடுதல் தொகை கேட்கலாம். ஆனால் வருவாய் எவ்வளவு என்று தெரிந்தால்தானே கேட்க முடியும்? கணக்கோ எதிர்த்தரப்பிடம் இருந்தது. ஆகவே தயாரிப்பு நிறுவனமான பவாரியா, மேற்கு ஜெர்மன் ஒலிபரப்புக் கழகம், ஒளிப்பேழை நிறுவனமான யூரோவீடியோ ஆகியவற்றின் மீது அவர் தொடர்ந்த வழக்கின் முதற்கட்டம் கணக்கைக் காட்டச் சொல்வதாகவே இருந்தது. 2011இல் கூட்டரசு உயர் நீதிமன்றம் அந்த உரிமை அவருக்கு உண்டு என்றது.

2017இல் மியூனிக் மேல்முறையீட்டு நீதிமன்றம் வட்டியும் சேர்த்து ஐந்து லட்சம் யூரோவுக்கும் அதிகமாக வழங்க உத்தரவிட்டது. 2021 ஏப்ரலில் கூட்டரசு உயர் நீதிமன்றம், தொகையைக் கணக்கிட்ட முறையில் பிழை கண்டு, வழக்கை மறுவிசாரணைக்குத் திருப்பி அனுப்பியது. பிற வட்டார ஒலிபரப்பு நிறுவனங்கள் மீது ஸ்டுட்கார்ட்டில் நடந்த தனி வழக்கும் அதற்கு முந்தைய ஆண்டு இவ்வாறே திருப்பி அனுப்பப்பட்டிருந்தது. அப்போது வகானோவுக்கு வயது 87. படம் வெளிவந்து நாற்பது ஆண்டுகள் ஆகியிருந்தன.