ஜெனீவாவில் ஆதரவு, டுசல்டோர்ஃபில் விமானம்: வெளியுறவில் அறத்துக்கு எவ்வளவு இடம்?

2021 மார்ச் 23 அன்று ஜெனீவாவில் ஐ.நா. மனித உரிமைப் பேரவை இலங்கை குறித்து 46/1 என்ற தீர்மானத்தை நிறைவேற்றியது. போர்க் காலக் குற்றங்களுக்கான சான்றுகளைத் திரட்டிப் பாதுகாக்க அது வழிசெய்தது. தீர்மானத்தைக் கொண்டுவந்த நாடுகளுள் ஜெர்மனியும் ஒன்று. ஒரு வாரம் கழித்து, மார்ச் 30 அன்று, டுசல்டோர்ஃப் விமான நிலையத்திலிருந்து, தஞ்சம் மறுக்கப்பட்ட தமிழர்களை ஏற்றிக்கொண்டு ஒரு தனி விமானம் கொழும்புக்குப் புறப்பட்டது. அனுப்பிவைத்ததும் ஜெர்மனிதான்.

இது என்ன நியாயம் என்று நீங்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் கோபத்தோடு நிறுத்திக்கொண்டால் நமக்குப் பயனில்லை. அரசுகள் எந்த இடத்தில் அறத்தைப் பேசும், எந்த இடத்தில் நலனைப் பார்க்கும் என்று தெரிந்துகொண்டால், நம்மால் எதைக் கேட்டுப் பெற முடியும் என்பதும் தெரியும்.

அரசுகள் எதை வைத்து முடிவெடுக்கின்றன?

இதற்கு ஒரு பழைய பதில் உண்டு: தன் பாதுகாப்பு, தன் வலிமை, தன் வணிகம். உலகில் நாடுகளுக்கு மேலே ஒரு காவல் நிலையம் இல்லை. அதனால் ஒவ்வொரு நாடும் முதலில் தன்னைத்தான் பார்த்துக்கொள்ளும். இந்தப் பார்வைக்கு யதார்த்தவாதம் (உள்ள நிலைமையையும் பலத்தையும் கணக்கில் வைத்து நடப்பது) என்று பெயர். ஜெர்மானியர்கள் இதை ‘ரியல்பொலிட்டீக்’ என்பார்கள். 1853-ல் லுட்விக் ஃபான் ரோகாவ் என்ற எழுத்தாளர் தம் நூலின் தலைப்பிலேயே வைத்த சொல் அது.

அப்படியானால் யதார்த்தவாதிகள் இரக்கமற்றவர்களா?

இல்லை. இந்தச் சிந்தனையின் பெரிய ஆசிரியர் ஹான்ஸ் மோர்கென்தாவ், 1904-ல் ஜெர்மனியின் கோபுர்க் நகரில் பிறந்த யூதர். நாஜிகளால் நாட்டை இழந்து அமெரிக்கா போனவர். வியட்நாம் போரை அவர் வெளிப்படையாக எதிர்த்தார். நல்ல நோக்கம் இருக்கிறது என்று சொல்லிக்கொண்டு விளைவைப் பார்க்காமல் இறங்குவதும் தவறு என்பதே அவர் நிலைப்பாடு.

1919-ல் மியூனிக்கில் ஜெர்மன் சமூகவியலாளர் மாக்ஸ் வேபர் ஆற்றிய உரையும் இதைத்தான் பிரித்துக் காட்டியது. கொள்கை சரியாக இருந்தால் போதும் என்பது ஒரு வகை அறம். அதனால் யாருக்கு என்ன நேரும் என்பதற்கும் நானே பொறுப்பு என்பது இன்னொரு வகை அறம். ஆட்சியில் இருப்பவர் இரண்டாவதை விட்டுவிடக் கூடாது என்றார் அவர்.

நலன் பார்த்துச் செய்ததில் நல்லது நடந்ததுண்டா?

உண்டு. 1963 முதல் 1989 வரை மேற்கு ஜெர்மனி, கிழக்கு ஜெர்மனியின் சிறைகளிலிருந்து 33,000-க்கும் மேற்பட்ட அரசியல் கைதிகளைப் பொருளும் பணமும் கொடுத்து மீட்டது. செலவு 300 கோடி மார்க்கைத் தாண்டியது. கொடுங்கோலாட்சிக்குப் பணம் கொடுப்பதா என்று அன்றும் கேட்டார்கள். ஆனால் சிறையிலிருந்தவர்கள் வீடு வந்து சேர்ந்தார்கள்.

இதே பேரம் தமிழர்கள் விஷயத்தில் எப்படி நடந்தது என்பதுதான் நாம் கட்டாயம் அறிய வேண்டிய கதை.

1985-ல் என்ன நடந்தது?

1983 ஜூலைப் படுகொலைக்குப் பிறகு இலங்கைத் தமிழர்கள் பல நாடுகளுக்கும் ஓடினார்கள். மேற்கு ஜெர்மனிக்குள் நுழைய விசா கிடைப்பது கடினம். ஆனால் ஒரு வழி திறந்திருந்தது. விமானம் ஏறிக் கிழக்கு பெர்லினின் ஷோனெஃபெல்ட் நிலையத்தில் இறங்கலாம். கிழக்கு ஜெர்மனி கடந்துபோகும் விசா கொடுக்கும். அங்கிருந்து மேற்கு பெர்லினுக்கு ரயில் உண்டு.

மேற்குப் பக்கம் ஏன் மறிக்கவில்லை? பெர்லின் ஒரே நகரம், நடுவில் இருப்பது நாட்டு எல்லை அல்ல என்பது மேற்கு நாடுகளின் நிலைப்பாடு. அங்கே கடவுச்சீட்டுச் சோதனை வைத்தால், பிரிவினையை ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும். ஆக, பெர்லின் பற்றிய பிடிவாதம் ஒன்று தமிழர்களுக்கு வழியாக அமைந்தது. அன்பினால் திறந்த கதவல்ல அது.

மேற்கே வந்து சேர்ந்தவர்களுக்கு அரசமைப்புச் சட்டம் துணை நின்றது. 1949-ல் எழுதிய அடிப்படைச் சட்டத்தின் 16-ம் பிரிவு, அரசியல் காரணத்துக்காகத் துன்புறுத்தப்படுவோருக்கு அடைக்கலம் பெறும் உரிமையைத் தந்தது. ஹிட்லர் காலத்தில் ஜெர்மனியை விட்டுத் தப்பியவர்கள் நாடு நாடாக அலைந்த நினைவு அன்று பசுமையாக இருந்தது. பின்னாளில் சான்சலரான வில்லி பிராண்ட் கூட நார்வேயில் தஞ்சம் புகுந்தவர்.

பிறகு அந்த வழி எப்படி மூடியது?

கிழக்கு ஜெர்மனிக்குப் பணத்தேவை இருந்தது. இரு ஜெர்மனிகளுக்கும் இடையிலான வணிகத்தில் அதற்கு வட்டியில்லாக் கடன் வசதி ஒன்று இருந்தது. 1985 ஜூலையில் அதன் வரம்பு 60 கோடியிலிருந்து 85 கோடி மார்க் அளவுக்கு உயர்ந்தது. அதே மாதம் கிழக்கு ஜெர்மனி ஓர் உறுதி கொடுத்தது: போகும் நாட்டின் விசா இல்லாத இலங்கையர்களை இனி இவ்வழியே விடமாட்டோம். கடன் உயர்வுக்குக் கிடைத்த கைமாறுகளில் ஒன்றாகவே இது வரலாற்றில் பேசப்படுகிறது. 1986 அக்டோபரில் மற்ற நாட்டவர்க்கும் அந்த வழி அடைபட்டது.

மக்களைத் தடுத்து நிறுத்துகிறது என்று பெர்லின் சுவரைக் கண்டித்துவந்த அரசு, அதே சுவரின் காவலர்களிடம் தமிழர்களைத் தடுத்து நிறுத்தக் கேட்டது. 16-ம் பிரிவில் ஓர் எழுத்துகூட மாறவில்லை. அந்த உரிமையைக் கேட்கும் இடத்துக்கு வந்துசேரும் பாதைதான் மாறியது.

உரிமையை ஒழித்தால் உலகம் கேள்வி கேட்கும். உரிமைக்குப் போகும் பாதையை அடைத்தால் அவ்வளவாக யாரும் கேட்பதில்லை. அதன் பின் வந்த நாற்பது ஆண்டு ஐரோப்பிய அகதிக் கொள்கையில் இந்த முறை மறுபடி மறுபடி வருவதைக் காணலாம்.

மறுபடி எங்கெல்லாம் வந்தது?

1992-ல் ஜெர்மனியில் சுமார் 4,38,000 பேர் தஞ்சம் கேட்டார்கள். மறு ஆண்டு அரசமைப்புச் சட்டமே திருத்தப்பட்டது. பாதுகாப்பான நாடு ஒன்றின் வழியாகத் தரைமார்க்கமாக வந்தவர் அரசமைப்பு தரும் தஞ்சத்தைக் கேட்க முடியாது என்று ஆனது. ஜெர்மனியைச் சுற்றியுள்ள எல்லா நாடுகளும் அந்தப் பட்டியலில் அடங்கும். 2016 மார்ச்சில் ஐரோப்பிய ஒன்றியம் துருக்கியோடு உடன்பாடு செய்தது. அகதிகள் செலவுக்கு 600 கோடி யூரோ என்பது அதில் ஒரு பகுதி. விசா இல்லாத பயணியை ஏற்றிவந்தால் விமான நிறுவனம் தண்டம் கட்ட வேண்டும் என்ற விதியும் இதே வகைதான்.

அப்படியானால் அறம் வெறும் பேச்சுதானா?

அதுவும் சரியல்ல. 1989 ஜூலை 10 அன்று ஜெர்மனியின் அரசமைப்பு நீதிமன்றம் ஈழத் தமிழர்கள் தொடர்பான வழக்குகளில் ஒரு முக்கியத் தீர்ப்பு வழங்கியது. அரசு ஆயுதக் குழுவோடு போரிடுவது மட்டும் அரசியல் துன்புறுத்தல் ஆகாது என்றது நீதிமன்றம். ஆனால் போரைக் காரணம் காட்டி, அதில் பங்கில்லாத மக்களை அவர்களுடைய இனத்துக்காகவே குறிவைத்தால், அது துன்புறுத்தல்தான் என்றும் சொன்னது. உள்நாட்டிலேயே வேறு பகுதியில் பாதுகாப்பாக வாழ முடியுமா என்றும் பார்க்கச் சொன்னது.

இந்தத் தீர்ப்பு எல்லாத் தமிழர்களையும் காப்பாற்றவில்லை. ஆயினும் ஜெர்மன் தஞ்சச் சட்டத்தில் அது ஓர் அடித்தளத் தீர்ப்பாக நின்றது. வேறு நாட்டுப் போர்களிலிருந்து வந்தவர்களுக்கும் அது அளவுகோலானது. அரசின் இரக்கம் ஆண்டுக்கு ஆண்டு கூடியும் குறைந்தும் போகலாம். சட்டத்தில் எழுதிவிட்ட அறத்தைத் தனி மனிதர் நீதிமன்றத்தில் கேட்டுப் பெறலாம்.

ஜெனீவாவில் பேசுவதும் விமானத்தில் ஏற்றுவதும் ஒரே கைதானா?

அரசு ஒன்று, கைகள் பல. ஜெனீவாவில் பேசுவது வெளியுறவு அமைச்சகம். தஞ்ச விண்ணப்பத்தை முடிவு செய்வது ‘பாம்ஃப்’ (நூர்ன்பெர்கில் தலைமையகம் உள்ள குடியேற்ற, அகதிகள் அலுவலகம்). அது உள்துறையின் கீழ் வருகிறது. நாடு கடத்தலை நிறைவேற்றுவது மாநிலங்களின் வெளிநாட்டவர் அலுவலகங்கள்.

ஆனால் இவற்றை இணைக்கும் ஒரு தாள் உண்டு. தஞ்சம் கேட்போர் வரும் முக்கிய நாடுகளைப் பற்றி வெளியுறவு அமைச்சகம் நிலவர அறிக்கை தயாரிக்கிறது. பாம்ஃபும் நீதிமன்றங்களும் அதைப் படித்து முடிவெடுக்கின்றன. ஆகவே ஒரு விண்ணப்பதாரரைப் பொறுத்தவரை, ஜெனீவா உரையைவிட அந்த அறிக்கையில் இருக்கும் ஒரு பத்திக்குக் கனம் அதிகம்.

இதனால் உங்களுக்கு என்ன?

நீங்களோ உறவினரோ தஞ்ச நடைமுறையில் இருந்தால், தீர்மானங்களை மட்டும் நம்பி இருக்க வேண்டாம். ‘ஜெர்மனியே ஜெனீவாவில் ஒப்புக்கொண்டதே’ என்பது உங்கள் வழக்குக்குச் சான்றாகாது. உங்களுக்கு என்ன நேர்ந்தது, எப்போது, யாரால், திரும்பினால் ஏன் ஆபத்து என்பதே சான்று. ஐ.நா. அறிக்கைகளையும் மனித உரிமை அமைப்புகளின் அறிக்கைகளையும் உங்கள் கதைக்குத் துணையாக வையுங்கள். அரசின் நிலவர அறிக்கைக்கு நீதிமன்றத்தில் பதில் சொல்ல அவை உதவும்.

மறுப்புக் கடிதம் வந்தால் முதலில் தவணையைப் பாருங்கள். மேல்முறையீட்டுக்கு வெகு குறைந்த நாள்களே இருக்கும். சில வகை மறுப்புகளுக்கு ஒரே வாரம்தான். கடிதத்தின் முடிவில் அது எழுதியிருக்கும். மொழி புரியவில்லை என்று உறையை எடுத்து வைத்துவிடாதீர்கள். காரிட்டாஸ், டியாகோனி போன்ற அமைப்புகளின் ஆலோசனை நிலையங்கள் கட்டணம் வாங்காமல் உதவுகின்றன.

உங்களிடம் இருப்பது ‘டுல்டுங்’ (நாடு கடத்துவதைத் தற்காலிகமாக நிறுத்திவைக்கும் தாள்) என்றால், அது வதிவிட அனுமதி அல்ல. அரசியல் காற்று மாறும்போது முதலில் ஆடுவது இந்தத் தாள்தான். பல ஆண்டுகள் இங்கே இருந்து, மொழி கற்று, வேலையும் பார்ப்பவர்களுக்கு முறையான அனுமதிக்குச் சட்டத்தில் வழி இருக்கிறது. நிலைமை நன்றாக இருக்கும்போதே அதைக் கேட்டுவிடுங்கள்.

ஊர்வலம் போகிறவர்கள் எதைக் கேட்க வேண்டும்?

கண்டன அறிக்கை கேட்டால் அது கிடைக்கும். அரசுக்கு அதனால் செலவில்லை. விதியைக் கேட்பது கடினம், ஆனால் விதிதான் நிலைக்கும். ஒரு சான்று சொல்கிறேன். ஐரோப்பிய ஒன்றியம் ஜி.எஸ்.பி. பிளஸ் என்ற சுங்கச் சலுகையை மனித உரிமை உடன்படிக்கைகளோடு சேர்த்துக் கட்டியிருக்கிறது. 2010-ல் இலங்கை அதை இழந்தது, 2017-ல் திரும்பப் பெற்றது. கொழும்பு தன் ஆடை ஏற்றுமதிக்காக அந்த நிபந்தனைகளை எண்ணிப் பார்க்க வேண்டியிருக்கிறது. அறமும் நலனும் ஒரே விதியில் கட்டப்பட்டதால் வந்த பிடி இது.

திருப்பூரில் இருந்து படிக்கிறீர்களா? உங்களுக்கும் ஒன்று உண்டு. 2023 ஜனவரி முதல் ஜெர்மனியில் விநியோகச் சங்கிலிச் சட்டம் நடைமுறையில் இருக்கிறது. பெரிய ஜெர்மன் நிறுவனங்கள், தங்களுக்குப் பொருள் செய்துதரும் வெளிநாட்டு ஆலைகளில் கொத்தடிமை வேலையோ குழந்தை உழைப்போ இல்லாதபடி பார்த்துக்கொள்ள வேண்டும். பாதிக்கப்பட்ட தொழிலாளி புகார் செய்யவும் அது இடம் தருகிறது. தொழில் அமைப்புகளின் அழுத்தத்தால் இந்தச் சட்டத்தைத் தளர்த்தும் முயற்சியும் எழுந்தது. விதியாக வந்ததையும் காவல் காக்க வேண்டும் என்பதற்கு இதுவே சாட்சி.

நலன் என்று சொல்வதெல்லாம் உண்மையிலேயே நலனா?

அதையும் நம்பிவிடக் கூடாது. ரஷ்யாவின் மலிவான எரிவாயுவை வாங்குவதுதான் யதார்த்தம் என்று ஜெர்மனியில் பல ஆண்டுகள் சொன்னார்கள். 2011-ல் நோர்ட் ஸ்ட்ரீம் குழாய் திறந்தது. 2014-ல் ரஷ்யா கிரிமியாவை எடுத்துக்கொண்ட பிறகும் இரண்டாவது குழாய்க்கு ஒப்பந்தம் போட்டார்கள். 2022-ல் உக்ரைன் மீது படையெடுப்பு நடந்ததும் அந்தக் கணக்கு பொய்த்தது. எரிபொருள் விலையேற்றத்தை வீடுதோறும் மக்கள் சுமந்தார்கள். ‘யதார்த்தமாகப் பாருங்கள்’ என்று யாராவது சொன்னால், யாருடைய நலன், எத்தனை ஆண்டுக்கு என்று திருப்பிக் கேளுங்கள்.

இனி ஒரு செய்தியை எப்படிப் படிப்பது?

ஓர் அரசு நம்மைப் பற்றி நல்ல வார்த்தை சொன்னாலும் கடுமையாக நடந்தாலும் மூன்று கேள்விகள் போதும். இதை முடிவு செய்யும் அலுவலகம் எது? இதற்குக் கைமாறாக யார் என்ன பெறுகிறார்கள்? இது சட்டத்தில் இருக்கிறதா, இருந்தால் அந்தச் சட்டத்தை அணுகும் வழி திறந்திருக்கிறதா?

மூன்றாவது கேள்விதான் எல்லாவற்றிலும் முக்கியம். அரசுகள் நம்மேல் பரிவு காட்டும் காலத்திலேயே அந்தப் பரிவை எழுத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். எழுத்தில் வந்த பின்னும், அதைக் கேட்டுப் போகும் பாதையை யாராவது சத்தமில்லாமல் அடைக்கிறார்களா என்று கவனிக்க வேண்டும். 1985-ல் அதைத் தட்டிக்கேட்கும் நிலையில் நம்மவர் இல்லை. வந்திறங்கிய புதியவர்களாக இருந்தார்கள். இன்று அவர்களின் பிள்ளைகள் ஜெர்மன் குடிமக்கள், வாக்காளர்கள், வழக்கறிஞர்கள். அடுத்து வரும் எந்த நாட்டு அகதிக்கும் அந்தப் பாதை மூடாமல் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு நமக்கும் இருக்கிறது.