ஜூனியர் முந்திப் போனால் எங்கே முறையிடுவது?

பெங்களூரில் ஒரு கூட்டுறவு வங்கியிலோ பால் ஒன்றியத்திலோ பல வருடம் உழைத்தவரை விட்டுவிட்டு, பின்னால் சேர்ந்தவருக்குப் பதவி உயர்வு கொடுத்துவிடுகிறார்கள். வயிறு எரியத்தான் செய்யும். ஆனால் நல்ல வழக்குகள் பலவும் தோற்பது நியாயம் இல்லாததால் அல்ல, தப்பான இடத்தில் போய் நின்றதால். அதனால் முதலில் இடத்தைப் பார்ப்போம்.

கூட்டுறவு ஊழியர் அரசு ஊழியர் அல்ல. பெரும்பாலான சங்கங்கள் அரசியல் சட்டத்தின் பார்வையில் ‘அரசு’ ஆகா. ஆகவே நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டால், ‘இது எப்படி நிற்கும்?’ என்ற கேள்விதான் முதலில் வரும். சட்டப்படியான விதி ஒன்றையோ பொதுக் கடமையையோ சங்கம் மீறியது என்று காட்டினால் வழி பிறக்கலாம். சங்கத்தின் துணைவிதியை மட்டும் காட்டினால் போதாது. துணைவிதி சட்டத்துக்குச் சமம் ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 1969-லேயே, ஆந்திரக் கூட்டுறவு வங்கி ஊழியர் வழக்கில் சொல்லிவிட்டது.

தொழிலாளர் நீதிமன்றம்? கர்நாடகத்தில் அந்தக் கதவு மூடியாகிவிட்டது. 1959-ஆம் ஆண்டின் கர்நாடகக் கூட்டுறவுச் சங்கச் சட்டம், பிரிவு 70, சங்கத்துக்கும் ஊழியருக்கும் இடையிலான பணி நிபந்தனைத் தகராறுகளைக் கூட்டுறவுச் சங்கப் பதிவாளரிடம் கொண்டுபோகச் சொல்கிறது. குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்ற திருத்தம் 2000 ஜூன் 20-இல் அமலுக்கு வந்தது. அந்தத் தேதி முதல் தொழிலாளர் நீதிமன்றத்துக்கு இதில் அதிகாரம் இல்லை என்று, பிஜாப்பூர் பால் ஒன்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 2007-இல் தீர்த்தது. பதிவாளர் தானே விசாரிக்கலாம், வேறு அதிகாரியிடமும் ஒப்படைக்கலாம். முடிவு பிடிக்காவிட்டால் அம்பேத்கர் வீதி எம்.எஸ். பில்டிங்கில் இருக்கும் கர்நாடக மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம். அதற்குப் பிறகுதான் உயர் நீதிமன்றம். பல மாநிலங்களில் இயங்கும் சங்கமாகப் பதிவானது என்றால் அதற்கு 2002-ஆம் ஆண்டின் மத்தியச் சட்டமே பொருந்தும், கர்நாடகச் சட்டத்தின் பிரிவு 70 பொருந்தாது. சங்கத்தின் பதிவுச் சான்றிதழைப் பார்த்தாலே இது தெரிந்துவிடும்.

இனி வழக்கின் உள்ளடக்கம். பணிமூப்புப் பட்டியலைக் கையில் எடுத்தால் சண்டை பெரும்பாலும் ஒரே கட்டத்தில்தான் கிடக்கும்: ‘பணியில் சேர்ந்த தேதி’. ஒருவர் 2001-இல் தினக்கூலியாக வந்தார், 2008-இல் விதிப்படி நியமன ஆணை பெற்றார் என்று வைத்துக்கொள்வோம். இன்னொருவர் 2005-இல் தேர்வெழுதி நேராக வந்தார். யார் மூத்தவர்? விதிப்படி நடந்த நியமனத்தின் தேதியிலிருந்தே மூப்பு கணக்காகும், விதிக்குப் புறம்பான தற்காலிக ஏற்பாட்டுக் காலம் சேராது என்பது 1990-இல் மகாராஷ்டிரப் பொறியாளர்கள் வழக்கில் அரசியல் சாசன அமர்வு வகுத்த பொது நெறி. அதன்படி 2005-காரரே மூத்தவர். ஏழு வருட உழைப்பு கணக்கில் வராமல் போவது மனதை வருத்துகிறது. ஆனால் சங்கத்தின் விதி வேறு மாதிரி சொன்னால் ஒழிய, நிலைமை இதுதான்.

மூப்பு மட்டும் போதுமா? பணி விதியில் ‘மூப்பும் தகுதியும்’ என்று இருந்தால், வேலைக்குப் பொருத்தமானவர் என்ற குறைந்தபட்ச அளவைத் தாண்டிய மூத்தவருக்கே இடம். அதிக மதிப்பெண் எடுத்த இளையவர் அவரைத் தாண்ட முடியாது. ‘தகுதியே முதன்மை’ என்றிருந்தால் கணக்கு தலைகீழ். இந்த மண்ணிலேயே இதற்கு ஒரு பழைய வழக்கு உண்டு. மைசூர் அரசின் புள்ளியியல் துறையில் மூத்தவர்களைப் பரிசீலிக்காமலே இளையவர்களை உயர்த்தினார்கள். 1968-இல் உச்ச நீதிமன்றம் அது தவறு என்றது. ஆனால் ‘இவர்களுக்குப் பதவி கொடு’ என்று உத்தரவிட மறுத்து, ‘தகுதியைப் பரிசீலனை செய்’ என்றே சொன்னது. அரசு ஊழியர் வழக்குதான் என்றாலும் இன்றும் இதுவே வழக்கமான நிவாரணம். பதவி உயர்வு கேட்கும் உரிமை அல்ல நமக்கு இருப்பது, பரிசீலிக்கப்படும் உரிமை. மனு எழுதும்போது இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

தாமதம்தான் பலரையும் கவிழ்க்கிறது. தன்னைத் தாண்டி ஜூனியருக்குப் பதவி உயர்வு கொடுத்த உத்தரவை ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஒரு வருடத்துக்குள் எதிர்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1975-இல், தமிழ்நாட்டு அரசு ஊழியர் ஒருவரின் வழக்கில் சொன்னது. அதனால் வரைவுப் பட்டியல் சுற்றுக்கு வந்த அன்றே ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்கிவிடுங்கள். தகராறு மனுவில் சங்கத்தை மட்டும் எதிர்மனுதாரர் ஆக்கினால் போதாது. உயர்வு பெற்ற அந்த ஜூனியரையும் சேர்க்க வேண்டும். அவர் தரப்பைக் கேட்காமல் அவர் பதவியில் யாரும் கை வைக்க மாட்டார்கள்.